பேட்ஜ் வாங்காத கடற்கரை

கவின் கண்ணு,

நீ ஃபிரிட்ஜ் கதவில் காந்தம் வைத்துவிட்டுப் போன படவிழா சம்மதப் படிவம் அங்கேயேதான் இருக்கிறது. பால் எடுக்கப் போகும்போதெல்லாம் கண்ணில் படுகிறது. அதைப் பார்க்க வேண்டாமென்று இரண்டு நாளாகக் கடுங்காப்பி குடிக்கிறேன். வெள்ளிக்கிழமைக்குள் நான் கையெழுத்துப் போட்டால், அடுத்த மாதம் கலிபோர்னியாவில், மில்பிடாஸ் விழாவில் உன் படம் என் குரலோடு ஓடும். போடாவிட்டால் குரலை எடுத்துவிட்டு, சொன்னதையெல்லாம் எழுத்தில் போட்டு ஓட்டுவாய். "எய்தர் வே, இட்ஸ் ஃபைன் மா" என்று சொல்லிவிட்டுப் பெட்டியை இழுத்துக்கொண்டு ஏர்போர்ட்டுக்குப் போய்விட்டாய். கையெழுத்துப் போட்டு, போனில் படம் பிடித்து அனுப்ப ஒரு நிமிடம் ஆகாது. எனக்கு ஒன்பது நாளாகிவிட்டது.

இதை ஒரே இடத்தில் உட்கார்ந்து எழுத முடியவில்லை. பாதியை ஆபீஸ் பார்க்கிங்கில் காருக்குள் வைத்து எழுதினேன். மீதியை டிரையர் ஓடும் நேரத்தில் சாப்பாட்டு மேசையில் எழுதுகிறேன். நடுவில் எழுந்து போய் உன் அறைக்கு வாக்குவம் போட்டேன். போட்டு முடித்தது மறந்துபோய் இன்னொரு தடவையும் போட்டேன். உனக்குத் தமிழ் எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வரும். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கு நான்காவதோடு நீ வரமாட்டேன் என்றாய், நானும் விட்டுவிட்டேன். இருந்தாலும் வீடியோ காலில் அப்பாவிடம் காட்டி வாசிக்கச் சொல்லாதே. அவருக்கே தெரியாத ஒன்று இதில் இருக்கிறது. மெதுவாக ஆகட்டும், நீயே படி.

முதலில் படத்தைப் பற்றி. பக்கத்து ஊரில் ஒரு பிரிட்டிஷ்காரப் பாட்டியம்மா இறந்துபோய், அவருடைய பிள்ளைகள் வீட்டுச் சாமான்களை விற்கிறார்கள் என்று நாற்காலி பார்க்கப் போனாய். நாற்காலி இல்லாமல், ஷூ பெட்டி நிறையப் பழைய ஃபிலிம் சுருள்களோடு திரும்பி வந்தாய். யாரும் எடுத்துக்கொள்ள ஆளில்லாமல் கிடந்தது, கேட்டதும் கொடுத்துவிட்டார்கள் என்றாய். "உக்கார நாற்காலி வாங்கிட்டு வரச் சொன்னா இதென்னடா, இதுல எப்படி உக்கார்றது?" என்று அப்பா கேட்டார். அந்தச் சுருள்களில் ஒரு குடும்பம் வருடத்துக்கு ஒரு முறை அதே கடற்கரைக்கு வந்து போய்க்கொண்டிருந்தது. இரண்டாம் உலகப்போர் முடிந்த பிறகு எடுத்தவை. நீ எனக்கு விளக்கினாய்: சண்டை ஓய்ந்து, மில்லில் வேலை பார்க்கிறவர்களுக்கெல்லாம் சம்பளத்தோடு ஒரு வாரம் லீவு பழக்கமான காலம், மில் மொத்தமாக மூடும், ஊரே ரயிலேறிக் கடலுக்குப் போகும், அங்கேயும் அதே பக்கத்து வீட்டுக்காரர்தான் பக்கத்து அறையில் இருப்பார், வாடகைக்கு அறை விடுகிற அம்மாள் காலைச் சாப்பாடு முடிந்ததும் எல்லாரையும் வெளியே அனுப்பிக் கதவைச் சாத்திவிடுவாள், மழை பெய்தாலும் சாயங்காலம்தான் திறப்பாள்.

என் அப்பா சாயப்பட்டறையில் வேலை பார்த்தவர். ஆடிப்பெருக்குக்குப் பட்டறை மூடினால் எங்கள் தெருவே ஒரே பஸ்ஸில் பவானி கூடுதுறைக்குப் போகும். அது எனக்கு உடனே ஞாபகம் வந்தது. ஆனால் வாயில் வந்தது வேறு. "வெள்ளைக்காரங்க பீச்சுக்குப் போனதுல உனக்கு என்ன கண்ணு இருக்கு? நம்மளப் பத்தி எடுக்கக் கூடாதா?" என்றேன். லேப்டாப்பைச் சமையல் மேடையில் வைத்து, உப்பு டப்பாவின் பக்கத்தில் ஒரு சின்ன மைக்கையும் வைத்தாய்.

"இது எதுக்கு?"

"சவுண்ட் டெஸ்ட், மா. ஜஸ்ட் பாரு. என்ன தோணுதோ அதச் சொல்லு."

நான் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தேன். உன்னோடு தனியாக இருக்கும்போது எனக்குப் பேச வரும். அது உனக்குத் தெரியும். இன்ஷூரன்ஸ் ஆபீஸில் நாள் முழுக்க அடுத்தவர் எழுதிய புரோகிராமில் பிழை கண்டுபிடிக்கிறவள், மீட்டிங்கில் கேமராவை அணைத்துவிட்டுச் சாட்டில் டைப் பண்ணுகிறவள், உன் லேப்டாப்பில் ஓடிய யாரோ ஒரு குடும்பத்தைப் பார்த்து வாய் ஓயாமல் பேசினேன். கோட்டும் டையும் கட்டிக்கொண்டு மணலில் உட்கார்ந்திருந்த ஆண்களைப் பார்த்து, "ஏனுங்க, ஆபீஸ்லருந்து நேரா வந்துட்டீங்களா?" என்றேன். காற்றுக்கு மறைப்பாகத் துணியைக் கட்ட ஒருவர் குச்சியை மணலில் அடித்தார். "பந்தக்கால் நடறாரு" என்றேன். ஒரு பெண் பையிலிருந்து ஃபிளாஸ்க்கை எடுத்ததும், "கெட்டிக்காரி, டீ வீட்லயே போட்டுக் கொண்டாந்துட்டா" என்றேன். மழை வந்தது. மழைக்கோட்டைப் போட்டுக்கொண்டு எல்லாரும் சாய்வு நாற்காலியிலேயே இருந்தார்கள். "லீவு போட்டு வந்தாச்சில்ல, சந்தோசமா இருந்துதான் தீரணும்னு உக்காந்திருக்காங்க பாரு" என்றேன். குக்கர் இரண்டு விசில் விட்டது. ஒரு இடத்தில் நீ, "உனக்கு ஏன் பீச் புடிக்காது?" என்று கேட்டாய். "ஒரே பிசுபிசுப்பு. எனக்குக் கடலே ஆகாது" என்றேன். அது பொய். அதைப் பிறகு சொல்கிறேன்.

அப்புறம் அந்தச் சின்னப் பெண் வந்தாள். காணாமல் போன பிள்ளைகளைக் கொண்டுவந்து நிறுத்தும் ஒரு மரக் கொட்டகை. வாசலில் யூனிஃபார்ம் போட்ட ஒரு பெண், அவள் பக்கத்தில் ஆறேழு வயதில் நனைந்த தலையோடு ஒரு சிறுமி. அவள் அழவில்லை. கேமராவைத் தாண்டி எங்கேயோ பார்த்துக்கொண்டு நிற்கிறாள். அங்கே யார் நிற்கிறார்கள் என்று படத்தில் தெரியாது. அந்தக் காட்சி பதினோரு விநாடி ஓடுகிறது. நான் ஒரு வார்த்தை பேசவில்லை. கத்தியும் நின்றுவிட்டது.

உன் கல்லூரி அரங்கத்தில் அந்தப் படம் ஓடியபோது நீ 'சவுண்ட் டெஸ்ட்' என்று சொன்னது பொய் என்று தெரிந்தது. என் குரல் நான்கு சுவரிலிருந்தும் கேட்டது. கீழே ஆங்கிலத்தில் எழுத்து ஓடியது. டை கட்டியவர்களைப் பற்றிச் சொன்னதற்கு அரங்கம் சிரித்தது. குக்கர் விசிலுக்கு இன்னும் சத்தமாகச் சிரித்தது. நான் துப்பட்டாவை இழுத்து இழுத்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்தச் சிறுமி வந்ததும் அரங்கமும் அடங்கிப்போனது. பதினோரு விநாடியும் என் வீட்டுக் குழாய் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. கடைசியில் பெயர்கள் வந்தபோது 'குரல்: அம்மா' என்று தமிழிலேயே போட்டிருந்தாய். நான்காவதோடு நிறுத்தியவன் அதை எத்தனை தடவை எழுதிப் பார்த்தாயோ.

விளக்கு போட்டதும் ஒரு பெண்மணி எழுந்து, அந்தக் குரல் யாருடையது, அவர் இங்கே வந்திருக்கிறாரா என்று கேட்டார். நீ மேடையிலிருந்து நேராக என்னைப் பார்த்தாய். நான் குனிந்து காலடியில் கைப்பையைத் தேடினேன். பை என் மடியில் இருந்தது. "அம்மிணி, உன்னத்தான் கேக்கறாங்க. எந்திரி" என்று அப்பா முழங்கையால் இடித்தார். நான் நிமிர்வதற்குள் நீ மைக்கில், அவர் இன்றைக்கு வர முடியவில்லை என்று ஆங்கிலத்தில் சொல்லி முடித்திருந்தாய். குரலில் ஒரு தடுமாற்றம் இல்லை. முகத்தை எதிர்ப்பக்கம் திருப்பி அடுத்த கேள்வியை வாங்கிக்கொண்டாய்.

திரும்பி வரும்போது காரில், "என் குரலை எடுத்துரு" என்றேன். "அட, எல்லாரும் எப்படிச் சிரிச்சாங்க, எதுக்கு எடுக்கணும்?" என்று அப்பா கேட்டார். நீ பின்சீட்டிலிருந்து, "ஓகே, மா" என்றாய். நீ சண்டை போட்டிருந்தால் நான் அன்றைக்கே தூங்கியிருப்பேன். அந்த 'ஓகே'யும், நீ முகத்தைத் திருப்பிய விதமும்தான் என்னை உட்கார விடவில்லை. அதே திருப்பலை நான் அதற்கு முன்பு ஒரு முறை பார்த்திருக்கிறேன்.

டிரையர் நின்றுவிட்டது. துணியை மடித்து வைத்துவிட்டு வந்தேன். இனி எழுந்திருக்காமல் எழுதப் பார்க்கிறேன்.

உனக்கு எட்டு வயது. அப்போது இருந்த பார்சிப்பனி அபார்ட்மெண்டிலிருந்து கடற்கரைக்குப் போனோம். புளியோதரை, தயிர்சாதம், ஒரு டப்பா சிப்ஸ், தண்ணீர் பாட்டில், உனக்கு மாற்றுத் துணி. இந்த நியூ ஜெர்சிக் கடற்கரையில் மணலில் கால் வைக்கவே பெரியவர்கள் ஆளுக்கொரு பேட்ஜ் வாங்கிச் சட்டையில் குத்திக்கொள்ள வேண்டும், உன்னைப் போன்ற சின்னப் பிள்ளைகளுக்கு வேண்டாம். அப்பா தனக்கு மட்டும் வாங்கினார். "நீதான் தண்ணிப் பக்கமே வரமாட்டியே அம்மிணி. பெஞ்சுல உக்காந்து சாமானப் பாத்துக்க" என்றார். அவர் கஞ்சத்தனமாகச் சொல்லவில்லை. எனக்குக் கடல் ஆகாது என்று நான்தான் சொல்லி வைத்திருந்தேன். சுடிதார் போட்டுக்கொண்டு அந்தக் கூட்டத்தின் நடுவில் நடக்க வெட்கம், அதற்கு ஒரு காரணம் தேவைப்பட்டது.

அந்த வருடம் நமக்கு கிரீன் கார்டு அப்ளை பண்ணிக் காத்திருந்தோம். வக்கீல் அப்பாவிடம், கார் ஓட்டி ஒரு அபராத டிக்கெட்கூட வாங்காமல் ஜாக்கிரதையாக இருங்கள் என்று சொல்லியிருந்தார். அப்பா அதை எனக்குச் சொன்னபோது, "கார்டு கைக்கு வர்ற வரைக்கும் யூனிஃபார்ம் போட்டவங்க யார்கிட்டயும் பேச்சே வெச்சுக்காதே" என்று ஆகிவிட்டது. எனக்கு அப்போது வேலை பார்க்க அனுமதி இல்லை. எங்கள் வீட்டில் முதலில் டிகிரி வாங்கியவள் நான், கணக்கில் முதல் வகுப்பு. இங்கே போஸ்ட் ஆபீஸில் ஸ்டாம்ப் கேட்பதற்கு முன்னால் வாசலில் நின்று ஒத்திகை பார்ப்பேன்.

பார்க்கிங் மீட்டர் முடியப்போகிறது என்று அப்பா காருக்குப் போனார். "பையன ஒரு கண்ணு பாத்துக்க" என்றார். மணலுக்கு வெளியே இருந்த பெஞ்சிலிருந்து நீ குழி தோண்டுவது தெரிந்தது. புளியோதரைப் பாத்திரம் சாய்ந்திருந்தது, நிமிர்த்தி வைத்தேன். தலையைத் தூக்கினால் குழி இருக்கிறது, நீ இல்லை. பையைத் தூக்கிக்கொண்டு மணலில் இறங்கி ஓடினேன். தண்ணீர் வரைக்கும் போனேன். எதிரில் பேட்ஜ் பார்க்கிற பெண், பதினேழு வயதுகூட இருக்காது, வந்துகொண்டிருந்தாள். அவளைப் பார்த்ததும் நான் வேறு பக்கம் திரும்பி நடந்தேன். பிள்ளையைத் தேடுகிறவள் அவளிடம்தானே முதலில் ஓடியிருக்க வேண்டும்?

அப்போது ஒலிபெருக்கியில் சொன்னார்கள். உன் பெயர், எட்டு வயது, சிவப்பு டிராயர், முதலுதவி அறை வாசலில் இருக்கிறான், அம்மா வரவும். நான் உடனே வந்துவிட்டேன், கண்ணு. நாற்பது அடி தூரத்தில் எலுமிச்சை ஜூஸ் கடை இருந்தது, அது வரைக்கும் வந்துவிட்டேன். உன் பக்கத்தில் லைஃப்கார்டு, அந்த பேட்ஜ் பெண், அவர்களோடு ஒரு போலீஸ்காரர். நான் கடையின் பின்பக்கம் நின்றுகொண்டேன். நான் அவனுடைய அம்மா, என்னிடம் பேட்ஜ் இல்லை, மன்னிக்கவும் என்று ஆங்கிலத்தில் மூன்று வாக்கியம் தயார் பண்ணினேன். சொல்லிப் பார்த்தேன். யாராவது கடந்து போனால் விட்டுப்போகும், மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பேன். பேட்ஜ் இல்லாததை எழுதிவிடுவார்கள், கார்டு வராது, உன்னையும் அப்பாவையும் நானே திருப்பி அனுப்பிவிடுவேன் என்று மனது ஓடியது. இப்போது எழுதும்போது சிரிப்பாக இருக்கிறது. அங்கே இருந்த எல்லாரும் உனக்கு நல்லதுதான் செய்துகொண்டிருந்தார்கள். ஒருவர் உனக்குத் துண்டு போர்த்தினார். நான் மட்டும் வரவில்லை. இருபது நிமிடம் கழித்து அப்பா ஓடி வந்து உன்னைத் தூக்கினார். அதற்கும் கொஞ்ச நேரம் கழித்துதான் நான் பாத்ரூம் பக்கமாகச் சுற்றி வந்தேன்.

"எங்க போன நீ? மைக்குல கத்தறாங்க, காது கேக்கல?"

"பாத்ரூம்ல இருந்தனுங்க. சத்தமே கேக்கல."

நீ என்னைப் பார்த்தாய். "பசிக்குதும்மா" என்றாய். கார் வரைக்கும் என் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு வந்தாய்.

இது வரைக்கும் அப்பாவுக்குத் தெரியாதது. இனி எழுதுவது, எனக்கே அந்த அரங்கத்தில்தான் தெரிந்தது. நான் ஜூஸ் கடைக்குப் பின்னால் நின்றபோது ஒரு தடவை நீ இந்தப் பக்கம் திரும்பினாய். வெயிலுக்குக் கண்ணைச் சுருக்குகிறாய் என்று நினைத்தேன். போலீஸ்காரர் குனிந்து ஏதோ கேட்டார். நீ இல்லை என்று தலையாட்டினாய். முகத்தை எதிர்ப்பக்கம் திருப்பி, கார்கள் நிற்கிற இடத்தைக் கை காட்டினாய். நீ அழவில்லை. பயத்தில் மரத்துப்போய் நிற்கிறாய் என்றுதான் பதினான்கு வருடமாக நினைத்துக்கொண்டிருந்தேன். மேடையில் நீ அதே மாதிரி முகத்தைத் திருப்பியதும் எனக்குப் புரிந்துவிட்டது. நீ என்னைப் பார்த்திருக்கிறாய். அம்மா இங்கே இல்லை என்று எட்டு வயதில் எனக்காகச் சொல்லியிருக்கிறாய். நான் நினைப்பது தப்பாக இருந்தால் சொல். தப்பாக இருக்காது.

அதனால்தான் நீ அந்தப் பதினோரு விநாடியை வெட்டவில்லையோ? அந்தச் சிறுமி யாரைப் பார்க்கிறாள் என்று உனக்குத் தெரிந்திருந்ததோ? இதைக் கேட்க ஒன்பது நாளாகப் போனை எடுப்பதும் வைப்பதுமாக இருக்கிறேன்.

பெற்றவள் எழுதினால் புத்தி சொல்லாமல் விடமாட்டாள், பொறுத்துக்கொள். உன் 'இட்ஸ் ஃபைன்' இருக்கிறதே, அதை நீ என்னிடமிருந்து எடுத்துக்கொண்டாய். அடுத்தவருக்குச் சங்கடம் வரக்கூடாது என்று நீ ஒதுங்கி நின்று சொல்கிற வார்த்தை அது. ரூம்மேட் ராத்திரி பாத்திரத்தைப் போட்டுவிட்டுப் போனால் நீ கழுவுவாய். வேலையில் உன் யோசனையை இன்னொருவர் தன்னுடையது என்று சொன்னால் சிரித்துவிட்டு வருவாய். உன்னை எல்லாரும் நல்ல பையன் என்பார்கள். நானும் அப்படித்தான் நல்ல பெண் என்று பெயர் வாங்கினேன். அந்த நல்ல பெயரோடுதான் ஜூஸ் கடைக்குப் பின்னால் நின்றேன். யாராவது பயந்து ஒளிந்துகொண்டால், அவர்களைப் பார்க்காத மாதிரி இருப்பது உதவி இல்லை, கவின். பெயர் சொல்லிக் கூப்பிடு. வெட்கப்பட்டாலும் பரவாயில்லை, கூப்பிடு.

கடல் ஆகாது என்று சொன்னது பொய் என்றேனே. நான் கடலை முதலில் பார்த்தது விசா இன்டர்வியூவுக்குச் சென்னை போன அன்றைக்கு. முடிந்ததும் அப்பா மெரினாவுக்குக் கூட்டிப்போனார். கல்யாணப் பட்டுப்புடவை, கையில் சர்டிபிகேட் எல்லாம் வைத்த ஃபைல். அதைக் கீழே வைக்கவே கூடாது என்று வீட்டில் சொல்லி அனுப்பியிருந்தார்கள். ஃபைலைத் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டு முழங்கால் வரைக்கும் தண்ணீரில் இறங்கினேன். புடவையெல்லாம் மணல். "போதும் வா, போதும் வா" என்று அப்பா கத்திக்கொண்டே இருந்தார். எனக்குப் போதவில்லை. உன் படத்தில் ஒரு பெண் கோட்டோடு, கைப்பையை மார்போடு பிடித்துக்கொண்டு அலையில் நிற்கிறாளே, "உள்ள ஏதோ முக்கியமான பேப்பர் இருக்கு, அதான் விடமாட்டேங்கறா" என்று நான் சொன்னதற்கு அரங்கமே சிரித்ததே, எனக்கு அவளைத் தெரியும். வெள்ளைக்காரர்கள் பீச்சுக்குப் போனதில் உனக்கு என்ன இருக்கிறது என்று கேட்டேன். லீவு கிடைத்து, கடலுக்கு வந்து, அங்கே எப்படி இருப்பது என்று தெரியாமல் டையைக்கூட அவிழ்க்காமல் உட்கார்ந்திருந்தவர்களை நீ எதற்கு எனக்குக் காட்டினாய் என்று இப்போது புரிகிறது.

கையெழுத்துப் போட்டுவிட்டேன். மேலே உள்ளதை எழுதி வைத்த மறுநாள், அதாவது நேற்று மதியம், பால் விட்ட காப்பியோடு. போனில் படம் எடுத்து உனக்கு அனுப்பிவிட்டுத்தான் இந்தப் பாராவை எழுதுகிறேன். அந்தப் பதினோரு விநாடியில் எதையும் நிரப்பாதே, எதையும் வெட்டாதே. யாராவது அங்கே ஏன் குரல் இல்லை என்று கேட்டால், என்னிடம் கேட்கச் சொல்.

ஆமாம், நான் வருகிறேன். அப்பாவுக்கு அந்த வாரம் ஆபீஸில் சாஃப்ட்வேர் ரிலீஸ் இருக்கிறது, அதனால் தனியாக. மில்பிடாஸுக்குப் பக்கத்து ஏர்போர்ட்டான சான் ஹோசேக்கு டிக்கெட் போட்டாகிவிட்டது. "நீ தனியா ஃப்ளைட்டு மாறி, சான் ஹோசே வரைக்குமா?" என்று அப்பா மூன்று தடவை கேட்டார். மூன்று தடவையும் ஆமாம் என்றேன். குரல் யாருடையது என்று அங்கேயும் ஒருவர் கேட்பார். அப்போது நீ என்னைப் பார். நான் கையைத் தூக்குகிற வரைக்கும் முகத்தைத் திருப்பாமல் பார். கொஞ்சம் நேரமாகும், ஆனால் தூக்குவேன்.

படிவத்தின் அடியில் ஒரு கட்டம் இருந்தது. உள்ளே வருகிற விருந்தினருக்கு எத்தனை பேட்ஜ் வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். அப்பாவைக் கேட்கவில்லை. ஒன்று என்று எழுதினேன்.

அம்மா